நாளைக்கும் எபிசோட் வேண்டும்

(ஆரல்வாய்மொழியில் வாசகர்கள் கூடிய ஒரு மாலைக் கூட்டத்தில் ஆற்றிய உரை. பேச்சின் ஓட்டம் மாறாமல் அச்சுக்காகச் சற்றே சீர்செய்யப்பட்டது.)



சீரியலைப் பற்றிப் பேசப் போகிறேன் என்றதும் கூட்டம் ஏற்பாடு செய்த அண்ணாச்சி ஒருவர், "கவிமணியைப் பத்திப் பேசலாமே, பக்கத்துல தானே தேரூர்" என்று பக்குவமாகச் சொல்லிப் பார்த்தார். கவிமணியைப் பற்றிப் பேச இந்த மாவட்டத்தில் ஆளுக்குப் பஞ்சமில்லை. மதியம் ஒரு மணிக்கு டி.வி. பெட்டியைப் போட்டால் ஓடுகிறதே ஒரு தொடர், அதை நாள் தவறாமல் நமக்கு அனுப்பிக்கொண்டே இருப்பவரைப் பற்றிப் பேசத்தான் ஆள் கிடையாது. ஆகையால் அந்த வேலையை நான் எடுத்துக்கொண்டேன்.

தொடரின் முகப்புப் பாட்டு ஓடும்போது பெயர்கள் வரும். நடிகர் பெயர் நிதானமாக வரும். கதை, வசனம், இயக்கம் எல்லாம் படிக்க முடியும். நிர்வாகத் தயாரிப்பாளர் என்று ஒரு பெயர் வரும் பாருங்கள், அது வந்ததும் தெரியாது, போனதும் தெரியாது. ஒரு தொடரின் உண்மையான ஆசிரியர் என்று யாரையாவது சொல்ல வேண்டுமானால் அந்தப் பெயருக்கு உரியவரையும், அவருக்கு மேலே இருக்கும் தயாரிப்பாளரையும்தான் சொல்ல வேண்டும் என்பது என் கட்சி. பல கம்பெனிகளில் இரண்டு வேலையையும் ஒருவரே பார்ப்பதுண்டு. இங்கே நான் சொல்லப்போகும் நடிகை ராதிகா அப்படிப்பட்டவர்.

அந்த வேலை என்ன? சினிமாத் தயாரிப்பாளருக்கு ஒரு வெள்ளிக்கிழமை. படம் ஓடினால் ஓடியது, படுத்தால் படுத்தது. தொடர்த் தயாரிப்பாளருக்கு வாரத்துக்கு ஐந்து வெள்ளிக்கிழமை, சில சேனல்களில் ஆறு. வருடத்துக்கு 260 எபிசோடுக்குக் குறையாமல் கொடுத்தாக வேண்டும். விதிப்படி ஒரு மணி நேரத்தில் 12 நிமிடம் விளம்பரத்துக்கும் சேனலின் சொந்த அறிவிப்புகளுக்கும் போகலாம். ஆகவே அரை மணி ஸ்லாட்டில், முகப்புப் பாட்டும் போக, கதைக்கு இருபது, இருபத்திரண்டு நிமிடம். நடிகைக்குக் காய்ச்சல், ஷூட்டிங் வீட்டில் கரண்ட் இல்லை, வசனம் எழுதுகிறவர் கோபித்துக்கொண்டு ஊருக்குப் போய்விட்டார், எதுவானாலும் சரி, நாளைக்கும் எபிசோட் வேண்டும். கையில் பத்து நாளுக்கு எபிசோட் இருந்தால் அதை 'பேங்கிங்' என்பார்கள். பேங்கிங் இருக்கும் தயாரிப்பாளர் இரவில் தூங்குவார். இல்லாதவர் எடிட்டிங் அறையின் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார்.

பணம் வரும் வழியையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் கதை போகும் வழியைத் தீர்மானிப்பது அதுதான். சன் டி.வி. 1993 ஏப்ரல் 14 அன்று தொடங்கியது. அது வளர்த்த முறைக்கு ஸ்லாட் விற்பனை என்று பெயர். சேனல் உங்களுக்கு அரை மணி நேரத்தை விற்கும். நீங்கள் கட்டணம் கட்டுவீர்கள். அந்த அரை மணிக்குள் இத்தனை நொடி விளம்பரம் போட்டுக்கொள்ளும் உரிமை உங்களுக்கு. சோப்புக்கும் மசாலாவுக்கும் நகைக்கடைக்கும் அந்த நொடிகளை நீங்களே விற்று, ஸ்லாட் காசையும் படப்பிடிப்புச் செலவையும் எடுத்து, மிச்சம் இருந்தால் அது லாபம். வயலைக் குத்தகைக்கு எடுத்தவன் நிலைமைதான். மழை பெய்தாலும் பெய்யாவிட்டாலும் பாட்டம் அளந்தாக வேண்டும். ஆனால் விளைந்தது உங்களுடையது. தொடரின் உரிமை தயாரிப்பாளர் கையிலேயே நிற்கும். இதற்கு நேர்மாறான இன்னொரு முறையில் சேனலே பணம் கொடுத்து எடுத்துத் தரச் சொல்லும். அங்கே நஷ்டப் பயம் குறைவு. உரிமை சேனலுக்குப் போய்விடும், தயாரிப்பாளருக்குக் கூலி மட்டும் நிற்கும். அண்மை ஆண்டுகளில் காற்று இந்தப் பக்கம்தான் வீசுகிறது.

சரி, பகல் தொடருக்கு வருகிறேன். இரவு ஒன்பது மணித் தொடருக்கும் மதியம் ஒரு மணித் தொடருக்கும் என்ன வித்தியாசம்? பகலில் விளம்பரக் காசு குறைவு, அதனால் பட்ஜெட் குறைவு. இது கணக்கு. கணக்கைவிடப் பெரிய வித்தியாசம் ஒன்று உண்டு. பகலில் யாரும் உட்கார்ந்து டி.வி. பார்ப்பதில்லை.

இங்கிருந்து தோவாளைக்கு எவ்வளவு தூரம்? அங்கே வீட்டுத் திண்ணையில் பூக்கட்டும் பெண்களைப் பாருங்கள். மடியில் பிச்சிப்பூ, முன்னால் வாழைநார், உள்ளே டி.வி. ஓடுகிறது. பெட்டியைத் திரும்பிப் பார்ப்பது அபூர்வம். கை நிற்காது. "மைனி, இப்ப அழுதது யாரு, மூத்தவளா?" என்று ஒருத்தி கேட்பாள். "இல்ல, அவ மாமியாரு" என்று மற்றவள் குனிந்தபடியே சொல்வாள். குரலை வைத்தே ஆள் தெரியும். சூளை வேலைக்குப் போய் மதியம் வந்து சோறு பொங்குகிறவர்களும் இப்படித்தான் கேட்கிறார்கள். பகல் தொடர் என்பது காதுக்கான சரக்கு. வில்லி வந்தால் ஒரு இசை, மாமியார் வந்தால் ஒரு இசை. "என்ன, சாந்தி வீட்டை விட்டுப் போயிட்டாளா?" என்று ஒரு பாத்திரம் கேட்கும். "ஆமா, சாந்தி வீட்டை விட்டுப் போயிட்டா" என்று அடுத்தது சொல்லும். படித்தவர்கள் இதைப் பார்த்துச் சிரிக்கிறார்கள். அடுப்படியில் தாளிக்கும் சத்தத்தில் முதல் தடவை கேட்காமல் போனவளுக்காக எழுதப்பட்ட இரண்டாவது வரி அது. அதை வெட்டாமல் வைக்கச் சொல்பவர்தான் நல்ல நிர்வாகத் தயாரிப்பாளர்.

இந்தக் காதுக் கலை வானொலியில் பிறந்தது. அமெரிக்காவில் சிகாகோ நகரத்தில் ஐர்னா ஃபிலிப்ஸ் என்ற பெண்மணி 1930-ல் வானொலிக்குப் பகல் தொடர் எழுதத் தொடங்கினார். 1937-ல் அவர் உருவாக்கிய 'கைடிங் லைட்' தொடர் 1952-ல் தொலைக்காட்சிக்கு வந்து 2009 செப்டம்பரில்தான் முடிந்தது. வானொலியும் டி.வி.யும் சேர்த்து 72 வருடம்! நம் ஊரில் அண்ணாமலையும் கோலங்களும் நீண்டுவிட்டன என்று அலுத்துக்கொள்கிறவர்கள் இதைக் கேட்டு ஆறுதல் அடையலாம். அமெரிக்கப் பகல் தொடர்களைத் தாங்கியவை சோப்புக் கம்பெனிகள். 'சோப் ஆப்பரா' என்ற பெயரே அதனால்தான் வந்தது.

அங்கே நிர்வாகத் தயாரிப்பாளர் என்ற பதவியின் பலத்தைக் காட்டியவர் குளோரியா மான்ட்டி. பல ஆண்டுகள் பகல் தொடர் இயக்குநராக இருந்தவர். 1978-ல் 'ஜெனரல் ஹாஸ்பிட்டல்' தொடரின் நிர்வாகத் தயாரிப்பாளராக வந்தார். 1963-ல் தொடங்கிய அந்தத் தொடரை நிறுத்திவிடலாமா என்று ஏபிசி சேனல் யோசித்துக்கொண்டிருந்த நேரம் அது. அவர் கதையை மாற்றுவதற்கு முன்னால் வேகத்தை மாற்றினார். ஒரு காட்சியில் காபி குடித்துக்கொண்டே ஐந்து நிமிடம் பேசும் பழக்கத்தை வெட்டினார். காட்சிகளின் எண்ணிக்கையைக் கூட்டினார். இளைஞர்களை முன்னால் கொண்டுவந்தார். 1981 நவம்பரில் லூக், லாரா என்ற இரண்டு பாத்திரங்களுக்குக் கல்யாணம் நடந்தபோது ஏறத்தாழ 3 கோடிப் பேர் பார்த்தார்கள். பட்டப்பகலில்! எலிசபெத் டெய்லர் அந்தத் தொடரில் கௌரவ வேடத்தில் வந்து போனார்.

இதில் ஒரு முள் இருக்கிறது. அந்த லூக், அந்த லாராவை முன்பு பலாத்காரம் செய்தவன். அதைக் காதலாக்கி, கல்யாணமாக்கி, கொண்டாட்டமாக்கிவிட்டார்கள். இப்போது கட்டாயத் தாலியில் ஆரம்பிக்கும் நம்மூர்த் தொடர்களை நினைத்துக்கொள்ளுங்கள். விருப்பமில்லாத பெண்ணின் கழுத்தில் ஒருவன் தாலி கட்டுவான், முன்னூறு எபிசோட் கழித்து அவளே அவனுக்காக விரதம் இருப்பாள். வசனகர்த்தாவைத் திட்டிப் புண்ணியமில்லை. வியாழக்கிழமை டி.ஆர்.பி. வந்ததும் "இந்த ட்ராக் நல்லாப் போகுது, இழுங்க" என்று சொல்லும் நாற்காலியில்தான் பொறுப்பு இருக்கிறது. ஆசிரியர் என்ற பெயரை அந்த நாற்காலிக்குக் கொடுக்க நான் தயார். பெயரோடு பழியும் சேர்ந்தே வரும்.

இந்தியாவில் பகல் நேரம் முதலில் ஞாயிற்றுக்கிழமைக் காலையாக வந்தது. 1987 ஜனவரி 25 முதல் ராமானந்த சாகரின் ராமாயணம். சினிமாவில் வெற்றி கண்ட மனிதர், எழுபதை நெருங்கும் வயதில் டி.வி.க்கு வந்தார். குஜராத்தில் உம்பர்காவ் என்ற இடத்தில் செட் போட்டார். தூர்தர்ஷன் கொடுத்தது 52 வாரம். மக்கள் விடவில்லை, அது 78 ஆனது. ராமர் பட்டாபிஷேகத்தோடு 1988 ஜூலையில் முடித்தபோது, வால்மீகியைத் தம் குலகுருவாகக் கொண்ட பஞ்சாப் துப்புரவுத் தொழிலாளர்கள் உத்தர காண்டத்தையும் எடுக்க வேண்டும் என்று வேலைநிறுத்தம் செய்தார்கள். தொடரை நிறுத்தச் சொல்லிப் போராடுவதுதான் நமக்குத் தெரியும். நீட்டச் சொல்லிப் போராடிய தேசம் இது. உத்தர ராமாயணமும் வந்தது.

தினசரி மதியத் தொடர் 1994-ல் வந்தது. ரோனி ஸ்க்ரூவாலாவின் யுடிவி தயாரித்த 'சாந்தி'. மந்திரா பேடி பத்திரிகையாளர் வேடம். அடுத்த ஆண்டு மகேஷ் பட்டின் 'ஸ்வாபிமான்'. மதியத்தில் யார் பார்ப்பார்கள் என்று கேட்டவர்களுக்கு வீட்டில் இருக்கும் பெண்கள் பதில் சொன்னார்கள்.

நம் மாவட்டத்துக் கதை கொஞ்சம் வேறு. சென்னைத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்ட் 15-லேயே தொடங்கிவிட்டது. ஆரல்வாய்மொழிக் கணவாய்க்கு இந்தப் பக்கம் இருந்த நமக்குக் கிடைத்தது திருவனந்தபுரம். மொழிவாரியாக 1956-ல் தமிழ்நாட்டுக்கு வந்துவிட்டோம், அலைவரிசையில் வர இன்னும் முப்பது வருடத்துக்கு மேல் ஆனது என்று நான் வேடிக்கையாகச் சொல்வதுண்டு. ஆன்டெனாவைக் கொஞ்சம் திருப்பினால் இலங்கை ரூபவாஹினி. ஆனி, ஆடியில் நம்மூர்க் காற்று தெரியுமே, இன்றைக்கு முப்பந்தலில் காற்றாலைகளைச் சுற்றவைக்கிற அதே காற்று. மொட்டைமாடி ஆன்டெனாவை அது பத்து நிமிடத்துக்கு ஒரு தரம் திருப்பிவிடும். ஒரு பையன் மாடியில், ஒருத்தர் முற்றத்தில், ஒருத்தர் பெட்டி முன்னால். "வந்தாச்சா?" "இல்ல, இன்னும் கொஞ்சம்." இது முடியும்போது நிகழ்ச்சியும் முடிந்திருக்கும். கேபிள் வந்த பிறகுதான் மலையாளமும் தமிழும் நமக்குச் சமமாகக் கிடைத்தன. இன்றும் காலையில் சன் டி.வி., சாயங்காலம் ஏஷியாநெட் என்று இருக்கும் வீடுகள் இங்கே உண்டு.

ராதிகாவுக்கு வருகிறேன். எம்.ஆர். ராதாவின் மகள். 1978-ல் பாரதிராஜாவின் 'கிழக்கே போகும் ரயில்' படத்தில் அறிமுகம். இதெல்லாம் எல்லோருக்கும் தெரியும். கவனிக்கப்படாதது, 1985-லேயே அவர் தயாரிப்பாளர் ஆகிவிட்டார் என்பது. பிரதாப் போத்தன் இயக்கிய 'மீண்டும் ஒரு காதல் கதை' அவர் தயாரித்த படம். அறிமுக இயக்குநரின் படத்துக்கான இந்திரா காந்தி தேசிய விருது அதற்குக் கிடைத்தது. அந்த விருது தயாரிப்பாளருக்கும் சேர்த்தே கொடுக்கப்படுவது. இருபதுகளின் தொடக்கத்திலேயே தேசிய விருது பெற்ற தயாரிப்பாளர் அவர். நாம் அவரை நடிகையாகவே பார்த்துக்கொண்டிருந்தோம்.

தொண்ணூறுகளின் நடுவில் டி.வி. தயாரிப்புக்கு வந்தார். 'ராடான்' நிறுவனம். 1999 டிசம்பரில் 'சித்தி'. சி.ஜே. பாஸ்கர் இயக்கம், சிவகுமார் உடன் நடித்தார். 2001 நவம்பர் வரை 460-க்கும் மேற்பட்ட எபிசோட். ஒரு எபிசோடுக்கு இருபது நிமிடம் என்று வைத்தால் 150 மணி நேரத்தைத் தாண்டும், ஏறக்குறைய அறுபது சினிமாவுக்குச் சமம். இரண்டு வருடத்துக்குள். தெலுங்கில் 'பின்னி' என்ற பெயரில் போய் அங்கேயும் வீடு வீடாக ஓடியது. சித்தி இரவுத் தொடர்தான், பகல் தொடர் இல்லை. ஆனால் தமிழில் பகல் தொடர் எடுத்த அத்தனை கம்பெனிகளும் அதைப் பார்த்துத்தான் தொழில் கற்றன. ராடானும் பின்னாளில் இளவரசி, தாமரை என்று பகல் வரிசைக்குத் தொடர்கள் கொடுத்தது.

சித்திக்குப் பிறகு வரிசையைப் பாருங்கள். 2002-ல் அண்ணாமலை, 2005-ல் செல்வி, 2007-ல் அரசி, 2009-ல் செல்லமே, 2013-ல் வாணி ராணி, 2018-ல் சந்திரகுமாரி, 2020-ல் சித்தி 2. ஒன்று முடிய அடுத்தது. இடையில் கோடீஸ்வரன், தங்க வேட்டை என்று விளையாட்டு நிகழ்ச்சிகள் வேறு. வாணி ராணி மட்டும் 1,700 எபிசோடுக்கு மேல், அதில் அவருக்கு இரட்டை வேடம். காலையில் வாணிக்கு ஒரு சேலை, மதியம் ராணிக்கு ஒரு சேலை, இடைவேளையில் அடுத்த மாதக் கால்ஷீட், விளம்பரக்காரர்களோடு பேச்சு, சேனலோடு பேச்சு. கம்பெனி பங்குச் சந்தைக்கும் போனது. பங்குதாரர்களுக்குக் காலாண்டுக் கணக்கு காட்ட வேண்டிய நிலையில் இருந்துகொண்டு கேமரா முன்னால் கிளிசரின் போட்டு அழுத நடிகை தமிழில் வேறு யார்?

அவர் தொடர்களில் எல்லாம் ஒரே ஆள்தான், ஊருக்கே நியாயம் சொல்லும் பெண், என்று ஒரு குறை சொல்வார்கள். குறை உண்மைதான். செல்விக்கும் அரசிக்கும் நடுவில் எனக்கே கதை குழம்பிவிடும். ஆனால் தொழிலாகப் பாருங்கள். பார்க்கிற பெண்ணுக்குப் புதுக் கதை தேவைப்பட்டதைவிட, பழகிய ஒரு துணை தினமும் வந்து போவது தேவைப்பட்டது. அதை இருபது வருடம் தவறாமல் கொடுத்தார். உரிமையைத் தம் கையில் வைத்திருந்ததால் அந்தப் பழைய தொடர்கள் இன்றைக்கு யூடியூபில் ஓடுகின்றன.

அவருடைய தொழில் தெளிவுக்கு ஒரு சாட்சி போதும். 2021 தொடக்கத்தில், தேர்தல் நேரத்தில், சித்தி 2-வில் நடிப்பதிலிருந்து விலகிக்கொண்டார். சித்தி என்ற பெயரே அவரை வைத்து வந்தது. சித்தி இல்லாத சித்தி 2, இளைய ஜோடியின் கதையாக 2022 வரை ஓடியது. நடிகை ராதிகாவைத் தயாரிப்பாளர் ராதிகா தொடரிலிருந்து எடுத்துவிட்டார், தொடர் நிற்கவில்லை.

'இவருக்குப் பதில் இவர்' என்று திரையில் ஒரு வரி போடுவார்களே, அதை எடுத்துக்கொள்ளுங்கள். நேற்று வரை ஒரு முகம் மருமகள். இன்றைக்கு வேறு முகம் வந்து அதே சேலையில், அதே அடுப்பில், "அத்தை, காபி" என்கிறது. ஒரு வரி, ஒரு புகைப்படம், முடிந்தது. சினிமாவில் செய்தால் தியேட்டரை உடைப்பார்கள். வீட்டுக்குள் பார்க்கிறவர்கள் மூன்று நாள் முணுமுணுத்துவிட்டு ஏற்றுக்கொள்கிறார்கள். இயக்குநர் மாறலாம், எழுதுகிறவர் மாறலாம், கதாநாயகியே மாறலாம். மாறாமல் இருப்பவர் ஒருவர்தான். யார் ஆசிரியர் என்று நான் கேட்டதற்கு இதைவிட வேறென்ன பதில் வேண்டும்?

இந்த நிர்வாகத் தொழில் வெளிநாட்டிலிருந்து வந்தது என்று நினைத்துவிடாதீர்கள். ஒழுகினசேரியில் பிறந்த கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன், லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் 1944 இறுதியில் கைதாகி 1947-ல் விடுதலை ஆனார். முதலாளியும் முதல் நடிகரும் ஒருவரே, அவர் சிறையில். அவருடைய நாடக சபாவை எஸ்.வி. சகஸ்ரநாமம் ஏற்று நடத்தினார். ஊர் ஊராகக் கொட்டகை, செட், சாப்பாடு, நடிகர்களுக்குச் சம்பளம், எல்லாவற்றையும் ஓடவைத்தார். 'பைத்தியக்காரன்' நாடகம் படமாகிக்கொண்டிருந்தபோது கலைவாணர் விடுதலையாகி வந்தார். அவருக்காகக் காட்சிகள் சேர்க்கப்பட்டன, படம் 1947-ல் வெளிவந்தது. திரும்பி வந்தவருக்காக ட்ராக் மாற்றுவது என்று இன்றைக்குச் சீரியல் கம்பெனியில் சொல்கிறார்கள். சகஸ்ரநாமம் அதை அன்றைக்கே செய்தார். நல்ல நடிகர் என்று மட்டும் அவரை நினைவு வைத்திருக்கிறோம். அவர் நல்ல நிர்வாகி.

இன்னும் பழையதாக வேண்டுமானால் நம் கோவில் கொடைகளில் வில்லுப்பாட்டு இருக்கிறது. கதை இவ்வளவு நேரம் என்று புலவர் எழுதிவைத்துக்கொண்டு வருவதில்லை. நடுச்சாமப் பூசைக்குக் கதையின் முக்கியமான கட்டம் வந்து சேர வேண்டும். பூசாரி தாமதித்தால் ஒரு வர்ணனையை நீட்டுவார். சாமியாடுபவர் எழுந்துவிட்டார் என்றால் நாலு பாட்டைத் தாண்டிக் கொலைக்கட்டத்துக்குப் போய்விடுவார். குடமும் உடுக்கும் அவர் கண்ணைப் பார்த்துக்கொண்டிருக்கும். கேட்கிறவர்களும் தூங்கி, விழித்து, வெற்றிலை போட்டு, குழந்தையை மடியில் போட்டபடி கேட்கிறவர்கள். இழுக்கிறான் என்று சீரியலைத் திட்டும் பெரியவர்கள், கொடையில் புலவர் இழுத்தபோது மரியாதையாக உட்கார்ந்திருந்தார்கள். இரண்டுக்கும் வித்தியாசம் உண்டு, ஒப்புக்கொள்கிறேன். புலவர் இழுத்தது சாமிக்காக. இங்கே மசாலாவுக்காக.

2020 மார்ச்சில் கொரோனாவால் படப்பிடிப்புகள் நின்றபோது 'நாளைக்கும் எபிசோட்' இல்லாமல் போனது. பேங்கிங் இருந்தவர்களுக்கு ஒரு வாரம், இரண்டு வாரம் ஓடியது. பிறகு பழைய பெட்டியைத் திறந்தார்கள். தூர்தர்ஷன் மார்ச் 28 அன்று ராமாயணத்தை மறுபடி போட்டது. சன் டி.வி.யில் மெட்டி ஒலி திரும்ப வந்தது, 2002-ல் திருமுருகன் இயக்கத் தொடங்கி 2005 வரை ஓடிய தொடர். ஐந்து பெண் பிள்ளைகளைக் கரையேற்றும் அந்த அப்பாவைப் புதுத் தலைமுறையும் பார்த்தது. மே மாதக் கடைசியில் அரசு சின்னத்திரைக்கு அனுமதி கொடுத்தபோது, முதலில் 20 பேர், பிறகு 60 பேர் என்று வரம்பு வைத்தது. ஒரு சாதாரணத் தொடர் யூனிட்டில் எத்தனை பேருக்குச் சோறு போடுகிறார்கள் என்பது அப்போதுதான் வெளியே தெரிந்தது. லைட்மேன், மேக்கப், காஸ்ட்யூம், பக்கத்தில் நின்று வசனம் சொல்லிக்கொடுக்கும் உதவி இயக்குநர், டீ கொடுக்கும் பையன், வேன் டிரைவர். தினப்படி பேட்டாவில் வாழ்கிறவர்கள். ஒரு தொடர் நிற்கிறது என்றால் இத்தனை அடுப்பு அணைகிறது. நிர்வாகத் தயாரிப்பாளர் பல நேரம் மட்டமான கதையையும் இழுத்துக்கொண்டு போவதற்கு இது ஒரு காரணம். இதைச் சொல்லாமல் அவரைக் குறை மட்டும் சொன்னால் நியாயமாக இருக்காது.

ஒரு குறை நமக்கே உண்டு, நாஞ்சில் நாட்டுக்காரர்களுக்கு. தமிழ்த் தொடர்களில் மதுரை பேசுகிறது, கோவை பேசுகிறது, செட்டிநாடு பேசுகிறது. மைனி என்று கூப்பிடும் ஒரு கதாநாயகியை நான் பார்க்கவில்லை. எழுத்தில் நாஞ்சில் நாடனும் ஜெயமோகனும் இந்த மண்ணின் பேச்சை உலகத்துக்குக் கொண்டுபோனார்கள். தொடருக்குள் அது நுழையவில்லை. படப்பிடிப்பு சாலிகிராமத்திலும் வளசரவாக்கத்திலும் நடக்கிறது, காரணம் அவ்வளவுதான். ஒரு நாளைக்கு ஒரு எபிசோடுக்குக் குறையாமல் எடுத்தாக வேண்டிய தொழிலில் எழுநூறு கிலோமீட்டர் தள்ளி வந்து கேமரா வைக்க எந்தத் தயாரிப்பாளரின் கணக்கும் இடம் கொடுக்காது. இங்கேயே ஒரு தயாரிப்பாளர் முளைத்தால்தான் உண்டு.

முன்வரிசையில் கல்லூரிப் பிள்ளைகள் உட்கார்ந்திருக்கிறீர்கள். ஸ்காட் கிறிஸ்தவக் கல்லூரியிலும் இந்துக் கல்லூரியிலும் தமிழ் படிக்கிறவர்கள், ஊடகம் படிக்கிறவர்கள் இருப்பீர்கள். ஆய்வுக்குத் தலைப்புத் தேடும்போது சீரியல்களில் பெண் சித்தரிப்பு என்று இன்னொரு ஆய்வேடு எழுத வேண்டாம், அது நிறைய இருக்கிறது. சென்னைக்கு ரயில் ஏறுங்கள். தொண்ணூறுகளில் தொடர் எடுத்த கம்பெனிகளின் புரொடக்‌ஷன் மேனேஜர்கள், நிர்வாகத் தயாரிப்பாளர்கள் பலர் இப்போது ஓய்வில் இருக்கிறார்கள். அவர்களிடம் ஸ்லாட் ரசீதும் கால்ஷீட் நோட்டும் பேட்டாக் கணக்கும் இன்னும் இருக்கும். எந்த ட்ராக்கை யார் சொல்லி மாற்றினார்கள், எந்த நடிகை ஏன் போனார், எந்த வாரம் காசில்லாமல் எப்படிச் சமாளித்தார்கள் என்று கேட்டு எழுதிக்கொண்டு வாருங்கள். நோட்டுகள் பழைய பேப்பர் கடைக்குப் போவதற்கு முன்னால் போய்விடுங்கள்.